முழவு வேந்தர் சிக் வெப்

இசையரங்கு ஒன்றிற்குச் செல்கின்றோம். மேடையின் நடுவே பாடகர் வீற்றிருக்கின்றார். அவையோர் கண்களெல்லாம் அவரையே நோக்குகின்றன. பாட்டு நன்கு அமைந்தால் புகழ் அவரைச் சாரும். அருகில் அமர்ந்து மிருதங்கம் வாசிப்பவரைத் தனி ஆவர்த்தனம் தொடங்கும் வரையில் பலர் நினைப்பதில்லை. அது தொடங்கிய பின்னரோ, காப்பி அருந்துவதற்கு அதுவே நல்ல நேரம் என்று எழுந்து செல்வோரும் உண்டு! ஆயினும், பாட்டு நடப்பதும் நிற்பதும் துள்ளுவதும் துவளுவதும் அந்தப் பக்கவாத்தியக்காரரின் பத்து விரல்களில் அடங்கியிருக்கின்றன என்பதை இசையறிந்தோர் அறிவர்.

சிலப்பதிகாரத்தின் அரங்கேற்று காதையில் இளங்கோவடிகள் மாதவியின் அரங்கேற்றத்தைப் பாட வந்தவர், அவளுக்குத் துணைநின்ற ஆசிரியர்களின் அமைதியை ஒவ்வொன்றாகக் கூறுகின்றார். அவர்களுள் தண்ணுமை ஆசிரியனும் ஒருவன். பிற கருவிகளின் இசை குறையுமிடத்தில் நிரப்பியும், மிகுமிடத்தில் அடக்கியும், தன் தொழில் சிதையாமல் செலுத்துவதே அவன் இலக்கணம் என்பது அப்பகுதியால் விளங்கும். குறையை நிரப்பி மிகையை அடக்குதல் என்பது எளிய செயலன்று. அதற்குக் கைத்திறன் மட்டும் போதாது. பிறர் சிறக்க வேண்டும் என்னும் மனமும் வேண்டும்.

இவ்விலக்கணத்திற்கு ஏற்ப வாழ்ந்த ஒருவர் நம் நாட்டிற்கு நெடுந்தொலைவில், அமெரிக்க ஐக்கிய நாடுகளில் பிறந்து, 1939-ஆம் ஆண்டில் மறைந்தார். ஜாஸ் என்னும் இசைமரபின் தலைசிறந்த முழவுக் கலைஞர்களுள் ஒருவர் அவர். இயற்பெயர் வில்லியம் ஹென்றி வெப். உலகம் அறிந்த பெயர் சிக் வெப். சிக் என்றால் ஆங்கிலத்தில் கோழிக்குஞ்சு என்பது பொருள். அவருடைய சிறிய உருவத்தைக் கண்டு தோழர்கள் இட்ட பெயர் அது. கேலியாகப் பிறந்த அப்பெயர் பின்னாளில் வேந்தர் ஒருவரின் பட்டப்பெயர் போல் மதிக்கப்பட்டது. அஃது எவ்வாறு என்பதே இக்கட்டுரையின் பொருள்.

பிறப்பும் பிணியும்

மேரிலாந்து மாநிலத்தின் துறைமுக நகரமாகிய பால்டிமோரில், கறுப்பின மக்கள் வாழ்ந்த பகுதியில் வெப் பிறந்தார். 1905-ஆம் ஆண்டு பிப்ரவரித் திங்கள் 10-ஆம் நாள் பிறந்தார் என்பது பெரும்பாலோர் கொள்கை. ஆண்டைப் பற்றி வேறு கருத்துகளும் உண்டு. அந்நகரம் அந்நாளில் நிறவேற்றுமைக்குப் பெயர்போனது. கறுப்பினத்தார் எந்தத் தெருவில் குடியிருக்கலாம், வெள்ளையர் எந்தத் தெருவில் குடியிருக்கலாம் என்று 1910-இல் சட்டமே இயற்றிய நகரம் அது. அவ்வகைச் சட்டங்கள் செல்லாவென்று அந்நாட்டு உச்ச நீதிமன்றம் 1917-இல் தீர்ப்பளித்தது. ஆயினும் சட்டம் நீங்கியதுபோல் வழக்கம் நீங்கவில்லை.

பிறந்த இடத்தால் வந்த துன்பம் போதாதென்று, உடலாலும் ஒரு துன்பம் வந்து சேர்ந்தது. இளமையிலேயே அவருக்கு முதுகெலும்பில் காசநோய் கண்டது. அந்நோய்க்கு ஏற்ற மருந்துகள் அந்நாளில் இல்லை. காசநோயை ஒழிக்கவல்ல ஸ்ட்ரெப்டோமைசின் கண்டுபிடிக்கப்பட்டது 1943-இல்தான். அதற்கு நான்கு ஆண்டுகளுக்கு முன்னரே வெப் மறைந்துவிட்டார். நோய் அவருடைய முதுகைக் கூனச் செய்தது, வளர்ச்சியைத் தடுத்தது. முழு வளர்ச்சியுற்ற காலத்திலும் அவர் உயரம் நான்கு அடியைச் சற்றே கடந்திருந்தது. நோவு அவரைவிட்டு ஒருநாளும் முற்றிலும் அகன்றதில்லை.

கைகால்களின் விறைப்பு நீங்க முழவு கொட்டிப் பழகுவது நல்லது என்று மருத்துவர் ஒருவர் கூறியதாகச் சொல்வர். சிறுவனுக்கு அது மருந்தாக மட்டும் அமையவில்லை, வாழ்வாகவே அமைந்தது. பானை, தட்டு, படிக்கட்டின் கைப்பிடி என்று கண்ணிற் பட்ட பொருளையெல்லாம் தட்டி ஒலியெழுப்பினான். தெருவிலே செய்தித்தாள் விற்றுக் காசு சேர்த்தான். சேர்த்த காசில் முழவுகள் வாங்கினான். ஏனைய சிறுவர்கள் ஓடியாடும் வயதில் ஓட இயலாத சிறுவன், உட்கார்ந்த இடத்திலிருந்தே ஊரை ஆட வைக்கும் வித்தையைக் கற்கத் தொடங்கினான்.

இளைஞராக, இன்பச் செலவுக்குரிய படகுகளில் வாசித்த ஒரு குழுவிற் சேர்ந்தார். அங்கேதான் ஜான் ட்ரூஹார்ட் என்னும் கித்தார்க் கலைஞரின் நட்பு வாய்த்தது. 1920-களின் நடுப்பகுதியில் இருவரும் ஒன்றாக நியூயார்க் நகருக்குப் புறப்பட்டனர். அந்த நட்பு நெடுங்காலம் நிலைத்தது.

ஹார்லம்

நியூயார்க்கின் வடபகுதியில் ஹார்லம் என்னும் குடியிருப்பு இருக்கிறது. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்திலிருந்து, தென்மாநிலங்களின் பருத்தி வயல்களையும் அங்கு நிலவிய கொடுமைகளையும் விட்டுக் கறுப்பின மக்கள் வடக்கு நோக்கிப் பெயர்ந்தனர். 1910 முதல் 1970 வரையில் அவ்வாறு பெயர்ந்தோர் அறுபது இலட்சம் என்பர். அவர்களில் பலர் வந்து தங்கிய இடங்களுள் ஹார்லம் தலைமையானது. சொந்த மண்ணைவிட்டுப் பெயர்ந்தோர் புதிய ஊரில் முதலில் தேடுவது பிழைப்பு. அடுத்துத் தேடுவது தம்மவர் கூடி மகிழ ஓரிடம். இதை நமக்கு எவரும் விளக்கிச் சொல்ல வேண்டியதில்லை.

ஹார்லத்தில் வெப்புக்கு வரவேற்பு உடனே கிட்டிவிடவில்லை. ஆயினும் அவர் திறத்தை உணர்ந்தோர் சிலர் இருந்தனர். டியூக் எல்லிங்டன் அவர்களுள் ஒருவர். பின்னாளில் அமெரிக்க இசைப்புலவர்களுள் முதல் வரிசையில் வைத்து எண்ணப்பட்ட அவர், 1926-இல் வெப் தமக்கென ஒரு சிறு குழுவை அமைத்து வாசிக்க வாய்ப்புத் தேடித்தந்தார். முழவு வாசிப்பவர் குழுவின் தலைவராக இருப்பது அந்நாளில் அரிது. ஊதுகொம்பு வாசிப்பவரோ பியானோ வாசிப்பவரோ தலைவராக முன்னே நிற்பர். முழவு பின்னே இருக்கும். வெப் பின்னே இருந்துகொண்டே தலைவரானார்.

அடுத்த சில ஆண்டுகள் வறுமையில் கழிந்தன. அவர் தேடிக் கண்டு பயிற்றிய கலைஞர்களைப் பெரிய குழுக்கள் கூடுதல் ஊதியம் தந்து அழைத்துக்கொண்டன. ஜானி ஹாட்ஜஸ் என்னும் இணையற்ற சாக்சபோன் கலைஞர் வெப்பிடமிருந்து எல்லிங்டனிடம் 1928-இல் சென்றார். சென்றவர்களிடம் வெப் பகைமை பாராட்டியதாகத் தெரியவில்லை. எஞ்சியவர்களை வைத்துக்கொண்டு மீண்டும் கட்டினார். வேலையில்லாத நாள்களிலும் குழுவைக் கலைக்காமல், கிடைத்ததைப் பகிர்ந்துண்டு பயிற்சியை நடத்தினார். 1929-இல் அவர் குழுவின் முதல் இசைத்தட்டுகள் வெளிவந்தன. 1932 டிசம்பரில், ஜாஸ் உலகின் பெருந்தலைவராகிய லூயி ஆம்ஸ்ட்ராங் விக்டர் நிறுவனத்திற்காகப் பாடி ஊதிய இசைத்தட்டுகள் சிலவற்றில் பின்னணி இசைத்தது வெப்பின் குழுவே.

சவாய் மன்றம்

லெனக்ஸ் சாலையில் 140-ஆம் தெருவுக்கும் 141-ஆம் தெருவுக்கும் இடையே, 1926 மார்ச் 12-ஆம் நாள் சவாய் நடனமன்றம் திறக்கப்பட்டது. இரு தெருக்களுக்கும் இடைப்பட்ட நீளம் முழுவதும் பரந்து கிடந்தது அம்மாளிகை. ஆயிரக்கணக்கானோர் ஒருங்கே ஆடத்தக்க மரத்தளம். ஒரு குழு ஓய்ந்ததும் மற்றொரு குழு தொடங்குவதற்கென இரண்டு மேடைகள். இசை இடையறாது ஒலிக்கும். லிண்டி ஹாப் என்னும் துள்ளல் நடனம் வளர்ந்து முதிர்ந்தது இம்மன்றத்திலேதான்.

சவாய் மன்றத்தின் சிறப்பு அதன் அளவில் மட்டும் இல்லை. அங்கிருந்து சிறிது தொலைவில், அதே சாலையில், 142-ஆம் தெருவருகே, காட்டன் கிளப் என்னும் புகழ்பெற்ற கேளிக்கை விடுதி 1936 வரையில் இருந்தது. அங்கே மேடையில் இசைப்போரும் ஆடுவோரும் கறுப்பினத்தார். பார்க்க வரலாம் என்று அனுமதிக்கப்பட்டோரோ வெள்ளையர். தன் ஊரின் நடுவே அமைந்த அரங்கில் தன்னவர் பாட்டைக் கேட்க ஹார்லத்துக் குடிமகனுக்கு இடமில்லை. சவாய் மன்றத்திலோ காசு கொடுத்தவர் யாவரும் உள்ளே வரலாம். கறுப்பினத்தாரும் வெள்ளையரும் ஒரே தளத்தில் ஆடினர். நன்றாக ஆடுகிறாரா என்பதே அங்கே கேள்வி.

1930-களின் தொடக்கத்திலிருந்து வெப்பின் குழு சவாய் மன்றத்தின் நிலைக்குழுவாகத் திகழ்ந்தது. அவரைச் சவாயின் அரசர் என்றே மக்கள் அழைக்கலாயினர்.

முழவும் முழவரும்

ஜாஸ் முழவு என்பது தனிக்கருவி அன்று, கருவிகளின் தொகுதி. நம் கோயில்களில் தவிலொருவர், தாளமொருவர் எனப் பலர் நின்று செய்யும் பணியை அங்கே ஒருவரே கை இரண்டாலும் கால் இரண்டாலும் செய்வார். பெரிய அடிமுழவைக் காலால் மிதித்து ஒலிக்கச் செய்யும் மிதிகட்டையைச் சிக்காகோ நகரத்து லட்விக் சகோதரர்கள் 1909-இல் செம்மையுற அமைத்தனர். அதன் பின்னரே ஒருவர் அமர்ந்தபடி எல்லாவற்றையும் ஆளுதல் எளிதாயிற்று. கைக்குக் குச்சிகளோ கம்பித் துடைப்பங்களோ துணை. அருகே சிறு முழவுகள், வெண்கலத் தட்டுகள், மரக்கட்டைகள் முதலியன சூழ்ந்திருக்கும்.

வெப் தம் உடலுக்கேற்பக் கருவிகளை அமைத்துக்கொண்டார். மிதிகட்டையும் இருக்கையும் அவருக்கெனத் தனியே செய்யப்பட்டன. ஆனால் அடிமுழவை மட்டும் அவர் சுருக்கிக்கொள்ளவில்லை. அதன் குறுக்களவு 28 அங்குலம். குழுவின் நடுவே உயர்ந்த பீடத்தில் அக்கருவிகளுக்குப் பின்னே அவர் அமர்ந்தால் வெளியே தெரிவது முகமும் கைகளுமே. அச்சிறிய உருவத்திலிருந்து புறப்பட்ட ஓசை மன்றத்தின் சுவர்களை அதிரச் செய்ததென்று கேட்டவர்கள் வியந்தனர்.

அக்காலத்து ஜாஸ் நடைக்கு ஸ்விங் என்று பெயர். ஊஞ்சலாடுதல் என்பது அதன் பொருள். பெரும்பாலும் நான்கு எண்ணிக்கை கொண்ட சுற்றில் அது நடக்கும். ஒவ்வோர் எண்ணிக்கையையும் இரண்டாகப் பகுக்கும்போது, முதற்பகுதி சற்று நீண்டும் பிற்பகுதி சற்றுக் குறுகியும் ஒலிக்கும். நூல் பிடித்தாற்போல் சமமாகப் பகுத்தால் அஃது அணிவகுப்பு நடையாகிவிடும். ஊஞ்சலின் அசைவு அந்த நூலிழை வேற்றுமையில்தான் பிறக்கிறது. எவ்வளவு நீட்டுவது, எவ்வளவு குறுக்குவது என்பதை ஏட்டில் எழுதிக் காட்ட இயலாது. ஆடுவோரின் கால்களைப் பார்த்து முழவர் அறிந்துகொள்ள வேண்டும்.

வெப் இசைக்குறிப்புகளைப் படிக்கக் கற்றவரல்லர். புதிய பாடல் வந்தால் பயிற்சியின்போது செவியாற் கேட்டு, ஒவ்வொரு கருவிக்கும் உரிய பகுதியையும் நெஞ்சில் எழுதிக்கொள்வார். ஊதுவோர் தவறினால் அவர்களுக்குரிய பகுதியை வாயாற் பாடிக் காட்டித் திருத்துவார். மேடையிலே கோல் பிடித்து நடத்தும் வழக்கமும் அவருக்கில்லை. எக்கருவி எப்போது எழவேண்டும், எப்போது தணியவேண்டும் என்பதை முழவின் சிறுசிறு அடிகளாலேயே உணர்த்திவிடுவார். தாம் தனித்து வாசிக்கும் இடங்களைக் குறுகியனவாகவே வைத்துக்கொண்டார். ஹார்லம் காங்கோ என்னும் 1937-ஆம் ஆண்டு இசைத்தட்டிலும், லைசா என்னும் 1938-ஆம் ஆண்டு இசைத்தட்டிலும் அவர் தனித்திறத்தைக் கேட்கலாம். முழவின் முழு ஓசையையும் பதிவுசெய்யும் ஆற்றல் அந்நாளையக் கருவிகளுக்கு இல்லை. நமக்குக் கிட்டியிருப்பது அவ்வோசையின் நிழலே. அந்நிழலே அத்துணைப் பொலிவுடையதாயின், நேரிற் கேட்டோர் பேறு எத்தகையது!

எல்லா அம்மையார்

பிறர் குறையை நிரப்பும் அவர் இயல்பு மேடையோடு நின்றுவிடவில்லை. கியூபா நாட்டிலிருந்து வந்த மரியோ பௌசா என்னும் ஊதுகொம்புக் கலைஞர் அவர் குழுவில் வளர்ந்து, பின்னர்த் தம் நாட்டு இசையையும் ஜாஸையும் இணைத்துப் புதியதொரு மரபுக்கு வழிகோலினார். எட்கர் சாம்ப்சன் என்னும் சாக்சபோன் கலைஞர் வெப்பின் குழுவுக்காக அமைத்த பாடல்கள் இன்றும் வாசிக்கப்படுகின்றன. எனினும் வெப் உலகுக்கு அளித்த பெருங்கொடை எல்லா பிட்ஸ்ஜெரால்டு அம்மையாரே.

எல்லா 1917-இல் வர்ஜீனியா மாநிலத்திற் பிறந்து, நியூயார்க்கை அடுத்த யாங்கர்ஸ் நகரில் வளர்ந்தவர். 1932-இல் தாயை இழந்தார். பள்ளிப்படிப்பு நின்றது. அரசினரின் சீர்திருத்தப் பள்ளியில் சேர்க்கப்பட்டு, அங்கிருந்து வெளியேறி, வீடில்லாமல் ஹார்லத் தெருக்களில் அலைந்தார். 1934 நவம்பர் 21-ஆம் நாள் அப்பல்லோ அரங்கில் புதியோர்க்கான போட்டி ஒன்று நடந்தது. ஆடுவதற்கென்று மேடையேறிய அப்பெண், தமக்கு முன் ஆடியவர்களின் திறங்கண்டு அஞ்சி, ஆடாமற் பாடினார். முதற்பரிசு பெற்றார்.

பரிசு கிடைத்ததேயன்றி வேலை கிடைக்கவில்லை. கந்தலாடையும் எண்ணெய் காணாத தலையுமாக நின்ற அப்பெண்ணை எக்குழுவும் ஏற்கத் தயங்கியது. வெப்பும் முதலில் தயங்கினார் என்பதை மறைக்க வேண்டுவதில்லை. குழுவின் முன்னே நிற்கும் பாடகி அழகியாக இருத்தல் வேண்டும் என்பது தொழில் வழக்கம். குழுவினர் வற்புறுத்தவே, 1935-இல் யேல் பல்கலைக்கழகத்தில் நடந்த நடன நிகழ்ச்சி ஒன்றிற்கு அப்பெண்ணை அழைத்துச் சென்றார். மாணவர் கூட்டம் கேட்டு மகிழ்ந்தது. வெப்பின் ஐயம் அன்றே நீங்கியது. தோற்றத்தை வைத்து உலகம் தம்மை எவ்வாறு அளந்தது என்பதை வாழ்நாளெல்லாம் அறிந்தவர் அவர். அதே கோலால் மற்றொருவரை அளக்க முற்பட்டதை எண்ணி அவர் நாணியிருத்தல் கூடும்.

அன்றுமுதல் எல்லாவுக்கு வெப்பே ஆசானும் காவலருமானார். அப்பெண்ணின் குரலுக்கேற்பப் பாடல்களைத் தேர்ந்தார். தம் குழுவின் அமைப்பையே அக்குரலைச் சுற்றி மாற்றினார். கருவியிசையை விரும்பிய அன்பர் சிலர் இதனைக் குறைகூறினர். குரல் முன்னே செல்ல முழவு பின்னே நிற்பதை வெப் இழப்பாகக் கருதவில்லை. 1938 மே 2-ஆம் நாள், சிறுகுழந்தைகளின் விளையாட்டுப் பாட்டொன்றைப் புதுக்கி, ஏ டிஸ்கெட் ஏ டாஸ்கெட் என்னும் பெயரில் எல்லா பாட, வெப்பின் குழு இசைத்தட்டாகப் பதிந்தது. பத்து இலட்சம் தட்டுகள் விற்றதாகக் கணக்கிடப்பட்ட அப்பாடல், அவ்வாண்டு பல வாரங்கள் நாட்டில் முதலிடத்தில் நின்றது.

இசைப்போர்

சவாய் மன்றத்தில் இரண்டு மேடைகள் இருந்தன என்றோம். அம்மேடைகளில் இரு குழுக்கள் மாறி மாறி வாசித்து ஒன்றையொன்று வெல்ல முயல்வது வழக்கம். நம் ஊர்த் திருவிழாக்களில் இரண்டு நாகசுரக் குழுக்கள் எதிரெதிரே நின்று விடியும்வரை வாசிக்கும் காட்சியைக் கண்டோர்க்கு இது புதிதாகத் தோன்றாது. வெப் இப்போர்களுக்கு அஞ்சியவரல்லர். வெற்றியே எப்போதும் கிட்டிற்று என்றும் சொல்வதற்கில்லை. 1937 மார்ச்சில் எல்லிங்டனின் குழு வந்தபோது வெப்பின் கை தாழ்ந்தது.

அதே ஆண்டு மே 11-ஆம் நாள் நடந்த போர் இசைவரலாற்றில் இடம்பெற்றது. எதிரே வந்தது பென்னி குட்மனின் குழு. அந்நாளில் அமெரிக்கா முழுவதும் வானொலியிலும் இசைத்தட்டிலும் கொடிகட்டிப் பறந்த வெள்ளையர் குழு அது. அதன் முழவுக் கலைஞர் ஜீன் குரூபா. முழவு வாசிப்பவருக்கும் திரைநட்சத்திரப் புகழ் உண்டாக்கியவர். மன்றம் நிரம்பி வழிந்தது. உள்ளே இடமின்றி ஆயிரக்கணக்கானோர் சாலையில் நின்றனர். காவலர் வந்து கூட்டத்தைக் கட்டுப்படுத்த நேர்ந்தது. குட்மனின் குழு தன் புகழ்பெற்ற பாடல்களை வாசித்தது. வெப்பின் குழு, சில இடங்களில் அதே பாடல்களையே எடுத்து மறுமொழி கூறியது. இரவின் இறுதியில் வெற்றி யாருடையது என்பதில் எவருக்கும் ஐயம் இருக்கவில்லை. குரூபா வெப்பை நோக்கித் தலைதாழ்த்தி வணங்கினார். நாடறிந்த வெள்ளைக் கலைஞர் ஒருவர், கூனிய முதுகுடைய கறுப்பினக் கலைஞரைப் பல்லாயிரவர் முன்னிலையில் வணங்கிய காட்சி, அந்நாட்டின் அந்நாளைய நிலைமையில் எளிதிற் காணக்கூடியதன்று. வணங்கியவர் பெருமையும் அதில் விளங்குகிறது. அதன் பின்னரும் வெப்பின் சிறப்பை எடுத்துரைக்க அவர் தயங்கியதேயில்லை.

இரு மேடைகள், ஓரிரவு

1938 சனவரி 16-ஆம் நாள் இரவு வேறொரு செய்தியை நமக்கு உணர்த்துகிறது. அன்று நியூயார்க்கின் கார்னகி மண்டபத்தில் குட்மனின் குழு இசைநிகழ்ச்சி நடத்தியது. மேலைநாட்டுச் செவ்வியல் இசைக்கே உரியதென மதிக்கப்பட்ட அம்மண்டபத்தில் ஜாஸ் இசை இவ்வாறு அரங்கேறியதை வரலாற்றாசிரியர்கள் பெரிதும் போற்றுவர். நிகழ்ச்சியின் முதற்பாடல் எட்கர் சாம்ப்சன் வெப்பின் குழுவுக்காக அமைத்தது; 1934-இலேயே வெப்பின் குழு பதிவுசெய்தது. சவாய் மன்றத்தின் பெயரையே தாங்கிய மற்றொரு பாடலும் அவ்வாறே வெப்பின் குழுவிற் பிறந்து, குட்மனின் இசைத்தட்டால் நாடெங்கும் பரவியது.

அந்த இரவில் வெப் எங்கிருந்தார்? சவாய் மன்றத்தில், கவுண்ட் பேய்சியின் குழுவோடு இசைப்போரில் இருந்தார். கார்னகி மண்டபத்து நிகழ்ச்சி முடிந்ததும் குட்மனின் குழுவினர் சிலரும் அதைக் கேட்க ஹார்லத்திற்கு விரைந்தனர். யார் வென்றார் என்பதில் அன்று கருத்து இருபாலாகப் பிரிந்தது. அது நிற்க. பாடல் ஒருவருடையது, அரங்கும் ஆரவாரமும் மற்றொருவருடையவை என்னும் நிலையை நாம் எண்ணிப் பார்த்தல் வேண்டும். குட்மன் நன்றி மறந்தவரல்லர். தம் குழுக்களில் கறுப்பினக் கலைஞரைத் துணிந்து சேர்த்து, அவர்களோடு மேடையேறியவர். குறை தனியொருவருடையது அன்று. ஒரே பாடலுக்கு நிறத்திற்கேற்ப இருவேறு விலை வைத்த சமுதாயத்தின் குறை அது. அக்குறையை நிரப்ப ஒரு முழவுக் கலைஞரால் இயலவில்லை. ஆனால் பாடலைக் கேட்டோர் அது புறப்பட்ட இடத்தைத் தேடி ஹார்லத்திற்கு வருமாறு செய்ய அவரால் இயன்றது.

அக்காலத்தில் ஜாஸ் கடல்கடந்தும் பரவியது. 1935-இல் லியான் ஆபி என்பாரின் கறுப்பினக் குழு பம்பாய்க்கு வந்து தாஜ்மகால் ஓட்டலில் வாசித்தது. நம் நாட்டின் பெருநகரங்களும் அவ்விசையைக் கேட்டன.

விடைபெறல்

புகழும் பொருளும் வந்து சேர்ந்த வேளையில் உடல் விடைகேட்டது. 1938-இன் இறுதிமுதல் நோய் முற்றியது. நிகழ்ச்சி முடிந்து திரை விழுந்தபின் மயங்கிச் சாய்ந்த நாள்களும் உண்டு. மருத்துவமனைக்குச் செல்வார், சிறிது தேறியவுடன் மேடைக்குத் திரும்புவார். ஓய்வெடுத்தால் குழுவினரின் ஊதியம் நின்றுவிடும் என்பதை அறிந்தே அவர் ஓயவில்லை. நீண்ட பொருளாதார மந்தத்தின் வடுக்கள் மறையாத காலம் அது. குழுவை நம்பிப் பல குடும்பங்கள் இருந்தன. பின்னே அமர்ந்து அனைவரையும் தாங்கியவர், எழுந்துவிட்டால் என்னாகும் என்று எண்ணி அமர்ந்தே இருந்தார்.

1939 ஜூன் திங்களில் வாஷிங்டன் அருகே படகொன்றில் வாசித்தபின் நிலைமை மோசமாயிற்று. பால்டிமோருக்குக் கொண்டுசென்று ஜான்ஸ் ஹாப்கின்ஸ் மருத்துவமனையிற் சேர்த்தனர். அறுவைச் சிகிச்சையும் பயனளிக்கவில்லை. ஜூன் 16-ஆம் நாள், தம்மைத் தூக்கி நிமிர்த்துமாறு வேண்டி, சூழ நின்றோரை நோக்கி முறுவலித்து, விடைபெற்றுக்கொண்டார் என்பர். பிறந்த ஊரிலேயே உயிர் பிரிந்தது. 1905-ஐப் பிறந்த ஆண்டாகக் கொண்டால் அப்போது அவர் அகவை முப்பத்து நான்கு. இறுதிச் சடங்கில் எல்லா அம்மையார் நண்பனை நினைந்துருகும் பாடலொன்றைப் பாடினார். பால்டிமோர்த் தெருக்களில் மக்கள் திரண்டு நின்றனர்.

அவர் விட்டுச் சென்றவை

தலைவர் மறைந்தபின் குழு சிதறவில்லை. இருபத்திரண்டு வயதே நிரம்பிய எல்லா அம்மையாரின் பெயரால் 1942 வரையில் நடந்தது. பின்னர்த் தனித்துப் பாடிய அவ்வம்மையார், ஏறத்தாழ அரை நூற்றாண்டுக் காலம் உலக மேடைகளை ஆண்டு, 1996-இல் மறைந்தார். ஹார்லத்துத் தெருவில் குளிரில் நின்ற பெண் உலகின் தலைசிறந்த பாடகியருள் ஒருவரானார்.

பால்டிமோரின் கறுப்பினக் குழந்தைகளுக்கு விளையாடவும் கூடவும் நல்லதோர் இடம் வேண்டும் என்பது வெப்பின் விருப்பம். ஓடி விளையாட இயலாத சிறுவனாக அந்நகரின் தெருக்களைப் பார்த்திருந்தவரின் விருப்பம் அது. அவருடைய மருத்துவரும் நண்பர்களும் நிதி திரட்டினர். 1947-இல் அவர் பெயரால் அந்நகரில் ஒரு பொழுதுபோக்கு நிலையம் திறக்கப்பட்டது. சவாய் மன்றம் 1958-இல் மூடப்பட்டு, இடிக்கப்பட்டது. அவ்விடத்தில் குடியிருப்புகள் எழுந்தன. மன்றம் இருந்த இடத்தைக் குறிக்கும் நினைவுப் பலகை ஒன்று 2002-இல் நாட்டப்பட்டது.

வெப்பின் வாழ்வை நோக்கும்போது அரங்கேற்று காதையின் தண்ணுமை ஆசிரியன் மீண்டும் நினைவுக்கு வருகின்றான். குறையை நிரப்புவதும் மிகையை அடக்குவதும் அவன் தொழில். தம் உடலின் குறையை நிரப்ப வெப்புக்கு எவராலும் இயலவில்லை. அவரோ தம் குழுவினரின் குறையை நிரப்பினார். தாயற்ற பெண்ணொருத்தியின் குறையை நிரப்பினார். பிறந்த ஊர்க் குழந்தைகளின் குறையையும் நிரப்ப விரும்பினார். தமக்கெனச் சில சுற்றுகளை மட்டுமே வைத்துக்கொண்டார்.

இன்று மாலை நம் ஆண்டுவிழா மேடையிலும் ஒருவர் மிருதங்கத்துடன் ஓரமாக அமர்வார். தனி ஆவர்த்தனம் தொடங்கும்போது, அன்பர்களே, காப்பி சற்றுப் பொறுக்கட்டும்.